ஒளிக்கவிதை: ஒரு வருடத்துக்கும் மேல் வளர்த்துப் பார்த்ததில்

தானாக ஒளிவிடும் கடல் நுண்ணுயிரிகளை வீட்டில் வளர்த்து, அவற்றின் வெளிச்சத்தால் கவிதை எழுதுவதும் வாசிப்பதும்தான் ஒளிக்கவிதை. அதைப் படத்தில் பார்த்து ஆசைப்பட்டிருந்தால், முதலில் அந்த நீலத்தை மறந்துவிடுங்கள். படமெடுத்தவர் ஷட்டரை அரை நிமிடம் திறந்து வைத்திருப்பார். நம் கண்ணுக்கு அப்படித் தெரியாது. விளக்கை அணைத்துவிட்டு இருபது நிமிடமாவது இருட்டில் உட்கார வேண்டும். அப்புறம்தான் எழுத்து ஒவ்வொன்றாகத் தெரிய ஆரம்பிக்கும், அதுவும் சாம்பல் கலந்த பச்சையாக. நடுவில் யாராவது போனை எடுத்து மணி பார்த்தால் மறுபடி முதலிலிருந்து உட்கார வேண்டியதுதான். இதற்குப் பொறுமை உண்டென்றால் மேலே படியுங்கள். நான் சென்னை ராயபுரத்தில், துறைமுகத்துக்கு கன்டெய்னர் லாரிகள் போகும் சாலையை ஒட்டிய வீட்டில் இதைச் செய்துகொண்டிருக்கிறேன். விடுகிற எண்ணம் இல்லை.

இதில் இரண்டு வகை: தட்டு, குடுவை. எழுதுகிறவர்களுக்குத் தட்டு. விருந்தாளிகளுக்குக் காட்ட குடுவை.

தட்டில் வளர்வது பாக்டீரியா. நானும் நண்பர்களும் வளர்ப்பதன் பெயர் போட்டோபாக்டீரியம் லியோக்னாதி. பெயர்தான் வெளியூர், ஆள் நம்மூர். காசிமேட்டில் கூறு கட்டி விற்கிற காரப்பொடி மீனின் உணவுக்குழாயைச் சுற்றி ஒரு ஒளியுறுப்பு உண்டு. அதற்குள் குடியிருப்பது இதுதான். மீன் விற்கிற பெரியம்மாவிடம் விஷயத்தைச் சொன்னபோது, “பழைய மீனுதாம்பா ராத்திரில மினுக்கும். அதப் போயி படிக்கிறீங்களா?” என்று சிரித்தார். அவர் சொன்னதிலும் தப்பில்லை. பழசான மீன் மினுங்குவதை 17ஆம் நூற்றாண்டிலேயே ராபர்ட் பாயில் கண்ணாடிக்குள் வைத்து, காற்றை உறிஞ்சி எடுத்தால் வெளிச்சம் அணைகிறது என்று காட்டியிருக்கிறார். இன்றைக்கும் அதே கதைதான். தட்டைச் சுற்றி டேப்பை இறுக்கி ஒட்டினால் கவிதைக்கு மூச்சு முட்டும்.

சாமான் பெரிதாக ஒன்றுமில்லை. லிட்டருக்கு 30 கிராம் உப்பு, பாக்டீரியாவுக்குத் தீனியாகப் பெப்டோன் என்கிற புரதத்தூள், கொஞ்சம் கிளிசரின், அகர். அகர் வேறொன்றுமில்லை, மண்ணடியில் நோன்பு மாதத்தில் பாக்கெட் பாக்கெட்டாகப் போகிற கடல்பாசிதான். கரைசலைக் குக்கரில் இருபது நிமிடம் வேகவைத்துத் தட்டில் ஊற்றி ஆறவிட வேண்டும். அந்தக் குக்கர் அப்புறம் சமையலுக்கு ஆகாது. பெப்டோனுக்கு மட்டும் பாரிமுனை பக்கம் லேப் சாமான் கடைகளைத் தேட வேண்டியிருக்கும்.

பிறகு மெல்லிய தூரிகையால் பாக்டீரியாவைத் தொட்டுத் தட்டில் எழுத வேண்டும். இங்கேதான் விஷயமே இருக்கிறது. எழுதும்போது ஒன்றும் தெரியாது. தண்ணீரால் கண்ணாடியில் எழுதுவது மாதிரி. இந்த பாக்டீரியா தனியாக இருந்தால் ஒளி விடாது. ஒவ்வொன்றும் ஒரு ரசாயனத்தைச் சுற்றிலும் கசியவிடுகிறது. கூட்டம் பெருகி அது போதிய அளவு சேர்ந்ததும் எல்லாம் சேர்ந்து எரியத் தொடங்கும். காலையில் அடர்த்தியாகத் தொட்டு எழுதியது அன்றிரவே தெரியும். நீர்க்கத் தொட்டு எழுதியது மறுநாள் ராத்திரிதான்.

இந்த இடைவெளியை எங்களில் நன்றாகப் பயன்படுத்தியவர் மீனவக் குடும்பத்திலிருந்து வரும் ஒரு நண்பர். முதல் இரவு அவர் தட்டில் “படகு வந்துவிட்டது” மட்டும் இருந்தது. அடுத்த இரவு, மேல் வரி மங்கத் தொடங்கிய நேரத்தில், அதன் கீழே “நான்கு பேர்” என்று ஏறியது. எத்தனை பேர் போனார்கள் என்று தட்டில் எங்கும் இல்லை. காகிதத்தில் அந்த இரண்டு வரியை எழுதினால் பாதி வேகம்கூட இருக்காது என்பது என் கருத்து. எடுவார்டோ காக் என்கிற கலைஞர் 1999-இல் ஒரு வாக்கியத்தை மோர்ஸ் தந்திக் குறியீடாக்கி, அதை டி.என்.ஏ.வாக்கி, பாக்டீரியாவுக்குள் வைத்தார். பெரிய வேலைதான். ஆனால் பாக்டீரியாவுக்குள் இருக்கிற அந்த வாக்கியத்தை வெறும் கண்ணால் படிக்க முடியாது. எங்களுக்கு மொட்டை மாடி போதும்.

தமிழில் எழுதுகிறவர்களுக்கு ஒரு தொல்லை உண்டு: புள்ளி. இரண்டாம் நாள் கோடு தடித்து, மேலிருக்கிற புள்ளி எழுத்தோடு ஒட்டிக்கொள்ளும். ‘ண’வின் சுழிகள் அடைத்துக்கொள்ளும். எழுத்தைப் பெரிதாகப் போட்டு, புள்ளியை வழக்கத்தைவிட உயரத்தில் வைத்தால் சமாளிக்கலாம். ஒரு தட்டுக்கு நான்கு சொல்லுக்கு மேல் வேண்டாம்.

குடுவை வேறு சமாசாரம். அதில் இருப்பது பைரோசிஸ்டிஸ் என்கிற ஒற்றைசெல் கடலுயிரி. பகலில் வெளிச்சத்தைத் தின்று, இரவில் தண்ணீர் அசைந்தால் மட்டும் பளிச்சென்று நீலமாக மின்னும். ஒருவர் வரியைச் சொல்ல, இன்னொருவர் அசைக்கு ஒருமுறை குடுவையை அசைப்பதுதான் வாசிப்பு. என் வீட்டில் அது நடக்கவேயில்லை. தகர அலமாரியில் வைத்திருந்தேன். கன்டெய்னர் லாரி போகும்போதெல்லாம் அலமாரி அதிர, குடுவை மின்னும். செலவழிந்த சரக்கு அடுத்த நாள்தான் திரும்ப ஊறும். ஆட்கள் வந்து சேர்வதற்குள் லாரிகளே முழுக் கவிதையையும் வாசித்து முடித்திருக்கும். கீழே தடிமனான நுரை மெத்தைத் துண்டு வைத்த பிறகு கொஞ்சம் பரவாயில்லை.

வெயில்தான் அடுத்த வில்லன். குடுவைக்கு 20 டிகிரியை ஒட்டி இருந்தால் நிம்மதி. மே மாதத்தில், கரன்ட் போன ஒரே மதியத்தில், எல்லாம் வெளிறி அடியில் படிந்துவிட்டது. ஏசி அறை இல்லாதவர்கள் கார்த்திகைக்குப் பிறகு தொடங்குங்கள். காரப்பொடிச் சரக்கு நம்மூர்க் கடலில் பழகியது, அவ்வளவு கோபித்துக்கொள்ளாது.

2019 ஆகஸ்டில் திருவான்மியூர், பெசன்ட் நகர் பக்கம் அலை நீலமாக மின்னியதைப் பார்த்தவர்கள், அதையே பாட்டிலில் பிடித்து வரலாமே என்று கேட்கிறார்கள். அது நாக்டிலூகா. மற்ற நுண்ணுயிரிகளைத் தின்று வாழ்வது, பாட்டிலில் சீக்கிரம் செத்துப்போகும். எங்கள் பக்கம் கரை முழுக்கக் கல் கொட்டியிருப்பதால், அதற்காக ராத்திரியில் இறங்குவதும் புத்திசாலித்தனமில்லை.

வாசனை பற்றி யாரும் சொல்வதில்லை, அதனால் நான் சொல்கிறேன்: மூன்றாம் நாள் தட்டு கருவாட்டுக்குப் பக்கத்தில் நிற்கும். சாப்பாட்டு ஃபிரிட்ஜில் வைக்காதீர்கள். வேறு நிறத்தில் பூஞ்சை கிளம்பினால் திறந்து பார்க்க வேண்டாம். முடிந்த தட்டை பிளீச்சிங் பவுடர் கரைசலில் ஒரு ராத்திரி மூழ்க வைத்து, மறுநாள் குப்பைக்கு அனுப்புங்கள். சிறு குழந்தைகள் உள்ள வீடென்றால் தட்டை விட்டுவிட்டு, குடுவையை மட்டும் வாங்குங்கள், லாரி போகாத தெருவாக இருந்தால்.