ஹார்டியின் 'அப்பாலஜி': ஸ்னோ முன்னுரை இல்லாத பதிப்பை வாங்காதீர்கள்

'எ மேத்தமேட்டீஷியன்ஸ் அப்பாலஜி' என்ற தலைப்பைப் பார்த்தால் ஒரு கணிதர் எதற்கோ மன்னிப்புக் கேட்கிறார் என்றுதான் தோன்றும். அப்படியில்லை. ஏதென்ஸ் நீதிமன்றத்தில் சாக்ரடீஸ் பேசினாரே, அந்தப் பொருளில் வரும் 'அப்பாலஜி' இது. நம் செய்தித்தாள்கள் எழுதும் 'தன்னிலை விளக்கம்' கச்சிதமாகப் பொருந்தும். தூய கணிதத்துக்கே வாழ்நாளைக் கொடுத்த ஜி. எச். ஹார்டி, 1940-இல், 63 வயதில், "இது செய்யத் தகுந்த வேலைதானா? நான் ஏன் செய்தேன்?" என்ற இரண்டு கேள்விகளுக்குப் பதில் சொல்கிறார். மொத்தம் 29 சிறு பகுதிகள். ஒரே மாலையில் முடித்துவிடலாம்.

முதலில் எந்தப் பதிப்பு என்பதைப் பார்த்துவிடுவோம், ஏனென்றால் ஏமாறுவது இங்கேதான். ஹார்டி 1947 டிசம்பர் 1-இல் இறந்தார். இந்தியச் சட்டப்படி 2007 முடிவோடு அவர் எழுத்துக்கான பதிப்புரிமை தீர்ந்துவிட்டது. அதனால் மலிவு மறுபதிப்புகளும் இலவசக் கோப்புகளும் நிறையக் கிடைக்கின்றன. ஆனால் 1967 மறுபதிப்பில் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகப் பதிப்பகம் சேர்த்த, ஹார்டியின் நண்பரும் நாவலாசிரியருமான சி. பி. ஸ்னோவின் முன்னுரைக்கு உரிமை இன்னும் தீரவில்லை. ஸ்னோ இறந்தது 1980-இல். ஆகவே மலிவுப் பதிப்பில் அது இருக்காது. முன்னுரை ஏறக்குறைய 50 பக்கம், ஹார்டியின் மூலம் 90 பக்கம். ஹார்டியின் வாழ்க்கை என்று சொல்லத்தக்கது முழுக்க அந்த 50 பக்கத்தில்தான் இருக்கிறது. கேம்பிரிட்ஜ் பதிப்பையே வாங்குங்கள்.

மலிவுப் பதிப்புதான் கையில் இருக்கிறது என்றால், 15-ஆம் பகுதியைத் திறந்து பாருங்கள். அங்கே 153 = 1³ + 5³ + 3³ என்று ஒரு வரி வரும். ஸ்கேன் செய்த எழுத்தைத் திருத்தாமல் அச்சடித்திருந்தால் மேலே நிற்க வேண்டிய 3 கீழே இறங்கி '13 + 53 + 33' ஆகிவிடும். கூட்டிப் பார்த்தால் 99! அந்த ஒரு வரி கெட்டிருந்தால், அதேபோல மேலே நிற்கும் எண்களை நம்பியிருக்கும் 13-ஆம் பகுதியின் நிரூபணமும் கெட்டிருக்கும்.

கணித அறிவு எவ்வளவு வேண்டும்? 10-ஆம் வகுப்புப் பாடம் போதும். புத்தகத்தின் உயிர் 12, 13-ஆம் பகுதிகளில் உள்ள இரண்டு நிரூபணங்கள்: பகா எண்களுக்கு முடிவில்லை என்ற யூக்ளிடின் நிரூபணமும், 2-இன் வர்க்கமூலம் விகிதமுறா எண் என்பதும். "கணக்கு வருகிறது" என்று இவற்றைத் தாண்டிப் போகிறவர்கள்தான் பிறகு ஹார்டி வெறுமனே அழகு, அழகு என்று பேசுகிறார் என்று குறைபட்டுக்கொள்கிறார்கள். சாட்சியைக் கேட்காமல் வழக்கைத் தீர்ப்பது போலத்தான் அது. காகிதமும் பேனாவும் எடுத்து எழுதிப் பாருங்கள்.

முதல் நிரூபணத்தில் பலரும் ஓரிடத்தில் சறுக்குவார்கள். இருக்கிற பகா எண்கள் எல்லாவற்றையும் பெருக்கி 1 கூட்டினால் வருவது புதிய பகா எண் என்று நினைத்துக்கொள்வார்கள். ஹார்டி அப்படிச் சொல்லவில்லை. அந்த எண் பட்டியலில் உள்ள எதனாலும் வகுபடாது, ஆகவே பட்டியல் முழுமையானதல்ல; அவ்வளவுதான் வாதம். 2 × 3 × 5 × 7 × 11 × 13 + 1 = 30031 என்று போட்டுப் பாருங்கள். இது பகா எண் அல்ல, 59 × 509. ஆனால் 59-உம் சரி, 509-உம் சரி, நம் பட்டியலில் இல்லை. வாதம் அப்படியே நிற்கிறது.

15-ஆம் பகுதியில் இதற்கு எதிர்ப்பக்கத்தையும் காட்டுகிறார். நான்கு இலக்க எண்களில், திருப்பி எழுதினால் வருவதன் மடங்காக இருப்பவை இரண்டுதான்: 8712 = 4 × 2178, 9801 = 9 × 1089. உண்மைதான், வேடிக்கையும்தான். ஆனால் இது புதிர்ப் பக்கத்துக்கு ஆகும், கணிதத்துக்கு ஆகாது என்கிறார். இதிலிருந்து எங்கும் போக வழியில்லை என்பது அவர் கட்சி. தேற்றத்துக்கும் வேடிக்கைக்கும் உள்ள வேறுபாட்டை இத்தனை சுருக்கமாகச் சொன்னவர்கள் குறைவு.

கணிதம் இளைஞர்களின் ஆட்டம் என்று வாதிடும் 4-ஆம் பகுதியில் ராமானுஜன் 33 வயதில் இறந்தார் என்று இருக்கும். பிறந்தது 1887 டிசம்பர் 22, இறந்தது 1920 ஏப்ரல் 26. முடிந்த வயது 32. அச்சுப்பிழை என்று பாய வேண்டாம். அதே வரியில் மற்ற கணிதர்களான கால்வாவுக்கு 21, ஏபெலுக்கு 27, ரீமானுக்கு 40 என்கிறார். முடிந்த வயது முறையே 20, 26, 39. நால்வருக்கும் நம் ஊர் ஜோசியரைப் போல நடப்பு வயதுதான் போட்டிருக்கிறார்.

வாதம் அடிபடும் இடம் கடைசிக்கு முந்தைய பகுதி. முழு எண்களின் இயல்பை ஆராயும் எண் கோட்பாட்டால் போருக்கு ஒரு பயனும் இல்லை, வெகுகாலத்துக்கு இருக்கவும் போவதில்லை என்கிறார். செய்திகளை ரகசியமாக்கி அனுப்ப 1977-இல் வந்த ஆர்எஸ்ஏ மறையாக்க முறை, பெரிய எண்ணைப் பகாக் காரணிகளாகப் பிரிப்பது கடினம் என்பதன்மேலேயே நிற்கிறது. ராணுவ ரகசியத்துக்கும் அது உதவும். அவ்வளவு தூரம்கூடப் போக வேண்டாம். போலந்துக் கணிதர் மரியன் ரெயெவ்ஸ்கி, எண் கோட்பாடு அல்ல என்றாலும் தூய கணிதமேயான வரிசைமாற்றக் கணிதத்தைக் கொண்டு, ஜெர்மானியரின் ரகசியச் செய்திக்கான எனிக்மா பொறியின் உள்கம்பி இணைப்பைக் கண்டுபிடித்தது 1932-இலேயே நடந்துவிட்டது. ஹார்டிக்குத் தெரிய வழியில்லாத ரகசியம் அது. பயனுள்ள எதையும் நான் செய்ததில்லை என்று கடைசிப் பகுதியில் அவர் சொல்வதும் முழு உண்மையல்ல. 1908-இல் அவர் எழுதிய சின்னக் கடிதம்தான் இன்று மரபியல் பாடத்தில் ஹார்டி–வைன்பெர்க் விதி.

படிக்கும் வரிசை: மூலம் முதலில், ஸ்னோ பிறகு. 1939-இல் வந்த மாரடைப்பு, வறண்டுபோன படைப்புத் திறன், 1947-இல் தூக்க மாத்திரை விழுங்கிப் பிழைத்தது என எல்லாவற்றையும் ஸ்னோ சொல்லிவிடுகிறார். அதை முதலில் படித்துவிட்டால் ஹார்டியின் ஒவ்வொரு வரியும் புலம்பலாகவே காதில் விழும். வாதத்தை வாதமாக எடைபோட முடியாது.

ராமானுஜனுக்காக இதை வாங்குகிறவர்களுக்கு ஏமாற்றம்தான். கூட்டாளிக் கணிதர் லிட்டில்வுட்டோடும் ராமானுஜனோடும் கிட்டத்தட்டச் சரிசமமாக வேலை செய்தேன் என்று கடைசிப் பகுதியில் பெருமைப்படுவதைத் தவிர மூலத்தில் அதிகம் இல்லை. ராமானுஜனின் முதல் கடிதம் ஹார்டிக்கு வந்த நாளின் கதை ஸ்னோவிடம் இருக்கிறது. கணிதம் வேண்டுமென்றால் ஹார்டி அதே 1940-இல் வெளியிட்ட 'ராமானுஜன்' என்ற பன்னிரண்டு விரிவுரைகளுக்குப் போக வேண்டும். அதன் முதல் விரிவுரையை யாரும் படிக்கலாம். மற்றவற்றுக்குக் கல்லூரிப் பகுப்பாய்வுக் கணிதம் கைவசம் இருக்க வேண்டும்.