எஸ்பெராண்டோ இலவச இணையப் பாடம்: மூன்று மாத அனுபவம்

களியக்காவிளையில் எனக்கு வாழைக்குலை வியாபாரம். பாதிப் பேச்சு தமிழ், பாதி மலையாளம். அதனாலோ என்னவோ, எஸ்பெராண்டோ என்ற உருவாக்கப்பட்ட மொழி பிறந்த கதை என்னைப் பிடித்துக்கொண்டது. இன்றைய போலந்தில் உள்ள பியாலிஸ்டாக் நகரில் போலிஷ், ரஷ்யன், ஜெர்மன், யூதர்களின் மொழியான யித்திஷ் பேசியவர்கள் பகைத்துக்கொள்வதைப் பார்த்து வளர்ந்தவர் கண் மருத்துவர் ஸாமென்ஹாஃப். எல்லாருக்கும் இரண்டாவதாக ஒரு பொதுமொழி இருந்தால் யாரும் யாருக்கும் தாழ வேண்டாம் என்று 1887-இல் இதை வெளியிட்டார். புனைபெயர் 'டாக்டர் எஸ்பெராண்டோ'. நம்பிக்கை உள்ளவர் என்று அர்த்தம்.

பாடம் அருமை. பெயர்ச்சொல் 'ஓ'வில் முடியும், பெயரடை 'ஆ'வில். முன்னால் 'மல்' சேர்த்தால் எதிர்ச்சொல். 'கிராண்டா' பெரியது, 'மல்கிராண்டா' சின்னது. வாழைப்பழம் 'பனானோ'. நேந்திரன் குலைகளைத் தரம் பிரிக்கும்போதே சொல்லிச் சொல்லிப் பழகினேன். பத்தே நாளில் சின்ன வாக்கியம் வந்துவிட்டது.

ஒரு குறை: விளக்கமெல்லாம் ஆங்கிலத்தில்தான். பொதுமொழி படிக்க முதலில் ஆங்கிலம் வேண்டும் என்பது எனக்கு வருத்தம். அப்புறம், சில பாடங்களுக்கு ஒலிப்பதிவு இல்லை. கடைசிக்கு முந்தைய அசையை அழுத்த வேண்டும் என்ற ஒரே விதியை வைத்துச் சமாளிக்கிறேன்.

ஐந்துக்கு நான்கு. தமிழில் விளக்கம் வந்தால் அன்றைக்கே ஐந்து.