கணுக்கால் வீங்கினால் எங்கே போவது? பினாங்கில் இருக்கும் வழிகளை ஒப்பிட்டுப் பார்த்தபோது

தைப்பூசத்துக்கு மறுநாள் காலை, கூட்டம் குறைந்திருக்கும் என்று அத்தையைத் தண்ணீர்மலை முருகன் கோயிலுக்கு அழைத்துப் போனோம். ஏறும்போது ஒன்றும் ஆகவில்லை. இறங்கும்போதுதான், கடைசிப் படிகளில் கால் மடங்கிவிட்டது. பத்து நிமிடத்தில் பாதத்தின் வெளிப்பக்கம் பணியாரம் மாதிரி உப்பியது.

அங்கேயே குடும்ப மாநாடு. "பக்கத்துலதானே ஜெனரல் ஆஸ்பத்திரி, அங்கேயே போவோம்" என்றார் மாமா. "இன்ஷூரன்ஸ் கார்டு இருக்குல்லப்பா, பிரைவேட்ல போயிடலாம்" என்றான் அவர் மகன். பாட்டி போனிலேயே தீர்ப்புச் சொன்னார்: "சின்சேகிட்ட காட்டுங்க, ஒரே உருவுல சரியாகிடும்." சின்சே என்றால் சீனப் பாரம்பரிய வைத்தியர். அத்தைக்கோ வீட்டுக்குப் போனால் போதும். வீடு தீவின் மேற்குப் பக்கத்தில், பாலிக் புலாவில்.

நால்வரில் யார் சொன்னது சரி என்பதை அப்போது என்னால் சொல்ல முடியவில்லை. அதற்குப் பிறகு என் முழங்கால், தம்பியின் மணிக்கட்டு என்று வரிசையாக அடிபட்டதில் எல்லா வழியிலும் போய் வந்தாயிற்று. அந்த அனுபவத்தில் எழுதுகிறேன்.

முதலில், ஒப்பீடே வேண்டாத கேஸ்கள். எலும்பு வெளியே தெரிந்தால், கை கால் கோணிக்கொண்டு நின்றால், அடிபட்ட இடத்துக்குக் கீழே விரல்கள் சில்லிட்டு மரத்துப்போனால், தலையில் அடிபட்டு நினைவு தப்பினாலோ வாந்தி எடுத்தாலோ 999-ஐக் கூப்பிடுங்கள், அல்லது நேராகப் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போங்கள். சின்னப் பிள்ளைகள் விழுந்து முழங்கை வீங்கினாலும் அப்படித்தான். அந்த இடத்து முறிவு இரத்தக் குழாயையும் நரம்பையும் தொந்தரவு செய்யக்கூடியது. அதை ஊர்க் கிளினிக்கில் காட்டி நேரத்தைப் போக்கக் கூடாது. மற்றதெல்லாம், அதாவது நடக்க முடிகிற, பேச முடிகிற, வலியில் முகம் சுளிக்கிற கேஸ்கள்தான் இங்கே விஷயம்.

ஜெனரல் ஆஸ்பத்திரி

ஜாலான் ரெசிடென்சியில் இருக்கும் பினாங்கு மருத்துவமனையின் பலம் எல்லாருக்கும் தெரியும். எந்நேரமும் எக்ஸ்ரே, எலும்பு நிபுணர்கள், அறுவைக்கூடம் எல்லாம் ஒரே வளாகத்தில். மலேசியக் குடிமகனுக்கு அவசரப் பிரிவில் பதிவுக் கட்டணம் 1 வெள்ளி (ரிங்கிட்). சுளுக்கோடு போனால் நடப்பதையும் தெரிந்துகொள்ள வேண்டும். கவுண்டரில் "சாக்கிட் மானா?" (எங்கே வலி?) என்று கேட்டு, பார்த்து, நிறம் பிரிப்பார்கள். சிவப்பு, மஞ்சள், பச்சை. நம் கணுக்கால் பச்சை. மாரடைப்பும் விபத்தும் வந்துகொண்டே இருக்கும் இடத்தில் பச்சை கடைசியாகத்தான் நகரும். இதை யாருடைய குறையென்றும் சொல்ல முடியாது. அந்த ஏற்பாடே அப்படித்தான். நெஞ்சைப் பிடித்துக்கொண்டு வருபவரை நிறுத்திவிட்டு என் சுளுக்கைப் பார் என்று கேட்க நமக்கே வாய் வராது.

அதனால் என் கணக்கு இது: முறிவு பெரிது என்று சந்தேகம் இருந்தால் காத்திருப்பு வீண் இல்லை. வெறும் வீக்கம் என்றால் அரைநாளை மொய் எழுதத் தயாராகப் போங்கள். கூட ஓர் ஆளும் வேண்டும், வாசலில் இறக்கிவிட்டு வண்டியை எங்காவது போட்டுவிட்டு வர.

கவர்மெண்ட் கிளினிக்

கிளினிக் கெசிஹாத்தானில் இதே 1 வெள்ளிக்கு டாக்டர், மருந்து, கட்டு, தையல், தேவையானால் தடுப்பூசி. பெரிய கிளினிக்குகளில் எக்ஸ்ரேயும் உண்டு. எல்லாவற்றிலும் கிடையாது என்பதுதான் சிக்கல். நாம் போய் நின்றபின் "எக்ஸ்ரே இங்கே இல்லை" என்று கடிதம் எழுதிக் கொடுத்தால் வேறிடத்தில் புதிதாக இன்னொரு வரிசை. போன் போட்டு இரண்டே கேள்வி கேளுங்கள்: எக்ஸ்ரே உண்டா, இன்று எத்தனை மணிவரை எடுப்பார்கள்? சில கிளினிக்குகள் மாலையிலும் திறந்திருக்கும். ஆனால் டாக்டர் இருக்கும் நேரமும் எக்ஸ்ரே அறை திறந்திருக்கும் நேரமும் ஒன்றாக இருக்க வேண்டும் என்று கட்டாயமில்லை.

கிளினிக் கொமுனிட்டியோடு இதைக் குழப்பிக்கொள்ளாதீர்கள். 2010-இல் கிளினிக் 1மலேசியா என்று தொடங்கி, 2018-இல் பெயர் மாறியது அது. காய்ச்சல், இருமல், சின்னச் சிராய்ப்புக்கு நல்லது. எக்ஸ்ரேக்கு அங்கே வேலை இல்லை.

சரி, வேலை நாள் காலை எட்டு மணி, கிளினிக்கில் எக்ஸ்ரே இருக்கிறது என்று உறுதியானால்? வேறெங்கும் போக மாட்டேன். தம்பி மோட்டாரில் சறுக்கி மணிக்கட்டை ஊன்றியபோது அங்கேதான் போனோம், மதியச் சாப்பாட்டுக்கு வீட்டில் இருந்தோம்.

ஆனால் கதை அதோடு முடியவில்லை. படத்தில் முறிவு தெரியவில்லை. டாக்டர் இளம்பெண். கட்டைவிரலின் அடியில் உள்ள குழியை அழுத்தினார், தம்பி துள்ளினான். "படம் சுத்தமாகத்தான் இருக்கு, இருந்தாலும் முறிஞ்சதாவே வச்சுக்குவோம்" என்று மாவுக்கட்டு போட்டு, பத்து நாள் கழித்து வரச் சொன்னார். அந்த இடத்தில் இருக்கும் ஸ்கேஃபாய்டு என்ற சின்ன எலும்பு உடைந்தால் முதல் நாள் படத்தில் தெரியாமல் போவது சகஜம். பத்திலிருந்து பதினான்கு நாளில் மறுபடி எடுத்தால் கோடு தெரியும். கவனிக்காமல் விட்டால் இரத்த ஓட்டம் குறைந்து எலும்பு கூடாமலே போகலாம். இரண்டாவது படத்தில் தம்பிக்குக் கோடு தெரிந்தது.

அன்றிலிருந்துதான் என் கேள்வி மாறியது. படம் எங்கே சீக்கிரம் எடுப்பார்கள் என்பதைவிட, அதை யார் பார்க்கிறார், பத்து நாள் கழித்து யார் பார்ப்பார் என்பதுதான் முக்கியமாகப் பட்டது.

பிரைவேட்

தீவில் பிரைவேட்டுக்குப் பஞ்சமில்லை. அட்வெண்டிஸ்ட், ஐலண்ட், கிளெனீகல்ஸ், லோ குவான் லை, லாபநோக்கில்லாமல் நடக்கும் லாம் வா ஈ, பாயான் பாருவில் பந்தாய். பெருநிலத்தில் சன்வே, கே.பி.ஜே. போன்றவை. இங்கே நாம் காசு கொடுத்து வாங்குவது நேரம். அதில் சந்தேகம் இல்லை. ஞாயிறு இரவு முழங்காலைத் தூக்கிக்கொண்டு ஒரு பிரைவேட் ஆஸ்பத்திரிக்குப் போனேன் (பெயர் வேண்டாம்). முக்கால் மணி நேரத்தில் எக்ஸ்ரே, கட்டு, மாத்திரை எல்லாம் முடிந்தது. நிபுணர் எழுதிய எக்ஸ்ரே அறிக்கையும் பின்னாலேயே வந்தது. பில் 300 வெள்ளியைத் தாண்டியது. டாக்டருக்கு ஒரு வரி, அவசரப் பிரிவுக்கு ஒரு வரி, கட்டுத் துணிக்குக்கூட ஒரு வரி.

அதைக்கூட விட்டுவிடலாம். படத்தில் ஒன்றுமில்லை என்று சொன்ன அதே வாயால் "எதற்கும் எம்.ஆர்.ஐ. எடுத்துடலாமே" என்றார்கள். வீக்கம் வடியட்டும் என்று வந்துவிட்டேன். இரண்டு வாரத்தில் முழங்கால் சரியாகிவிட்டது. எம்.ஆர்.ஐ. எப்போதும் வீண் என்று சொல்ல வரவில்லை. முழங்கால் பூட்டிக்கொண்டால், நடக்கையில் நழுவினால் அது வேண்டியதுதான். அவசரப் பிரிவில் உட்கார்ந்துகொண்டு, வலியோடு அந்த முடிவை எடுக்க வேண்டுமா என்பதுதான் என் கேள்வி.

கார்டு வைத்திருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. பல மெடிக்கல் கார்டுகள் வார்டில் படுத்தால்தான் நேராகப் பணம் கட்டும். விபத்துக்கு வெளிநோயாளியாகப் போனால் நாம் கட்டிவிட்டுப் பிறகு கிளைம் செய்ய வேண்டும், அதுவும் அடிபட்ட 24 மணி நேரத்துக்குள் டாக்டரைப் பார்த்திருந்தால் என்று நிபந்தனை இருக்கும். நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்று எண்ணெய் தேய்த்துப் படுத்தவர்கள் இதில்தான் மாட்டுகிறார்கள். பாலிசிப் புத்தகத்தை ஒருமுறை புரட்டிவிடுங்கள்.

நடுவில் இன்னொரு வழி, நமக்குப் பழக்கமான குடும்ப கிளினிக். அங்கேயே எக்ஸ்ரே இருந்தால் அதிர்ஷ்டம். இல்லையென்றால் கடிதம் எழுதி எக்ஸ்ரே சென்டருக்கு அனுப்புவார். செலவு இடைப்பட்டது, அலைச்சல் இரண்டு மடங்கு.

வேலைக்குப் போகும் வழியிலோ வேலையிடத்திலோ அடிபட்டிருந்தால் கணக்கே வேறு. தொழிலாளர்களின் சமூகப் பாதுகாப்பு அமைப்பான பெர்க்கேசோவின் பேனல் கிளினிக்கில் காசு கேட்க மாட்டார்கள். முதலாளி 48 மணி நேரத்துக்குள் அறிவிக்க வேண்டும், சாலை விபத்தென்றால் நாம் 24 மணி நேரத்துக்குள் போலீஸ் ரிப்போர்ட் செய்ய வேண்டும். பாயான் லெப்பாஸ் தொழிற்சாலைகளில் இருக்கும் நம் பிள்ளைகள் எம்.சி. (மருத்துவ விடுப்புச் சீட்டு) வாங்குவதோடு நின்றுவிடுகிறார்கள். கவுண்டரிலேயே "வேலைக்குப் போறப்ப விழுந்தேன்" என்று சொல்லி எழுத வையுங்கள். தமிழ்நாட்டிலிருந்து இங்கே வந்து வேலை செய்பவர்களுக்கும் 2019 முதல் இந்தப் பாதுகாப்பு உண்டு. அரசு ஆஸ்பத்திரியின் 1 வெள்ளி அவர்களுக்குக் கிடையாது, வெளிநாட்டவர் கட்டணம் பல மடங்கு. அதனால் அவர்களுக்கு இது இன்னும் முக்கியம்.

சின்ன ஆஸ்பத்திரிகள்

பாலிக் புலா, சுங்கை பாக்காப், கெப்பாலா பத்தாஸ், புக்கிட் மெர்தாஜாம். பினாங்கு என்றதும் யார் வாயிலும் இந்தப் பெயர்கள் முதலில் வருவதில்லை. "அங்கே என்ன இருக்கு?" என்பார்கள். அவசரப் பிரிவு இருக்கிறது, எக்ஸ்ரே இருக்கிறது, கட்டணம் அதே 1 வெள்ளி. நம் கணுக்காலுக்கு வேண்டியது அவ்வளவுதான்.

அத்தையைப் பாலிக் புலா ஆஸ்பத்திரிக்குத்தான் கொண்டுபோனோம். வலியோடு துன் சார்டோன் சாலையின் வளைவுகளில் அத்தனை தூரம் போக வேண்டுமா என்று மாமா முணுமுணுத்தார். போய்ச் சேர்ந்தபோது எங்களுக்கு முன்னால் நான்கு பேர்தான். முதலில் பார்த்தவர் பெம்பந்து, அதாவது மருத்துவ உதவியாளர். அந்தக் காலத் தோட்டத்து ஆஸ்பத்திரியில் "டிரஸ்ஸர் ஐயா" என்போமே, அதே வேலையின் இன்றைய வடிவம். தையலும் மாவுக்கட்டும் இவர்கள் கையில் வருகிற மாதிரி பலருக்கு வராது. இது என் சொந்த அபிப்பிராயம்.

அவர் உடனே படம் எழுதவில்லை. கணுக்காலின் இரு பக்கமும் புடைத்திருக்கும் எலும்பின் பின்விளிம்பை அழுத்தினார், பாதத்தின் உள்பக்கம் அழுத்தினார், சுண்டுவிரல் பக்க எலும்பின் அடியை அழுத்தினார். அங்கேதான் அத்தை "ஐயோ முருகா" என்றார். பிறகு நாலு எட்டு நடக்கச் சொன்னார், முடியவில்லை. இது கனடாவின் ஒட்டாவாவில் உருவாகி 1992-இல் வெளியான விதி. அந்த இடங்களில் எலும்பை அழுத்தி வலிக்காமல், நாலு எட்டு வைக்கவும் முடிந்தால் எக்ஸ்ரே பெரும்பாலும் தேவையில்லை. வீட்டிலேயே இதைப் பார்த்துவிட்டுக் கிளம்பினால் பாதி அலைச்சல் மிச்சம். கதிர்வீச்சுக்குப் பயந்து படத்தைத் தள்ளிப்போடத் தேவையில்லை. பாதத்து எக்ஸ்ரேயில் படுவது நாம் சும்மா இருந்தாலே சில மணி நேரத்தில் இயற்கையிலிருந்து வாங்கிக்கொள்ளும் அளவுதான். கர்ப்பமாக இருந்தால் மட்டும் மறக்காமல் சொல்லிவிட வேண்டும்.

படத்தில் சுண்டுவிரல் எலும்பின் அடியில் முறிவு. நகரவில்லை, அறுவை வேண்டாம். கட்டு, ஊன்றுகோல், மாத்திரை. ஒன்றரை மணி நேரம்.

குறைகளும் உண்டு. அறுவை தேவைப்பட்டிருந்தால் ஜெனரல் ஆஸ்பத்திரிக்குத்தான் அனுப்பியிருப்பார்கள், அதே வளைவுகளில் திரும்பிப் போயிருப்போம். நடு ராத்திரியில் போனால் எக்ஸ்ரேக்காரர் வீட்டிலிருந்து வரும்வரை காத்திருக்க நேரலாம்.

சின்சே விஷயத்தில் பாட்டியோடு சண்டை போட முடியாது. சுளுக்குக்கு அந்தத் தைலமும் கட்டும் பலருக்குச் சுகம் தருவதை நானும் பார்த்திருக்கிறேன். ஆனால் படம் பார்க்காமல் உருவக் கூடாது. அத்தையின் பாதத்தை அன்று உருவியிருந்தால், நகராமல் இருந்த எலும்பு நகர்ந்திருக்கலாம்.

தைப்பூசம் என்றதும் இன்னொன்று. ரதம் போகும் தெருவில் உடைத்த தேங்காயின் ஓடு பாதத்தில் ஏறிவிட்டால் எக்ஸ்ரேயில் தெரியாது. கண்ணாடியும் இரும்பும் தெரியும், ஓடும் முள்ளும் மரச்சிராயும் தெரியாது. "படத்துல ஒண்ணுமில்ல" என்று அனுப்பினாலும் உள்ளே குத்திக்கொண்டே இருந்தால், எது குத்தியது என்று சொல்லி அல்ட்ராசவுண்ட் ஸ்கேன் கேளுங்கள். டெட்டனஸ் ஊசி கடைசியாக எப்போது போட்டது என்பதும் நினைவிருக்கட்டும்.

இரண்டு வாரம் கழித்து அத்தைக்கு மறு பரிசோதனை. காலையில் மாமா மோட்டாரில் பின்னால் உட்காரவைத்துக் கூட்டிப்போனார், ஐந்து நிமிடம். அதே பெம்பந்து பெயர் சொல்லிக் கூப்பிட்டாராம். திரும்பும்போது சந்தையில் மீன் வாங்கிக்கொண்டு வந்தார்கள்.