மாடி மழைநீர் வடிகட்டி: தூறலுக்குச் சூரன்

மதுரை ஆனையூரில் எங்கள் வீட்டுச் சுவரில் மாட்டியிருக்கும் மழைநீர் வடிகட்டியைப் பற்றித் தெருவில் பலரும் விசாரிக்கிறார்கள். மொட்டை மாடியிலிருந்து இறங்கும் குழாயின் நடுவே பொருத்துகிற பிளாஸ்டிக் உருளை இது. விலை 6,000 ரூபாய்க்குச் சற்று மேல். பிளம்பர் கூலி தனி. உள்ளே எஃகுச் சல்லடை. தண்ணீர் அதில் வடிந்து சம்புக்குப் போகும். வேப்பஞ்சருகும் குச்சியும் பக்கவாட்டுக் குழாயில் வெளியேறும். மின்சாரம் வேண்டாம்.

மிதமான மழையில் இதைக் குறை சொல்லவே முடியாது. 1,000 சதுர அடி மாடியில் 10 மில்லிமீட்டர் பெய்தால் ஏறக்குறைய 930 லிட்டர். அந்தத் தண்ணீரில் பருப்பு வேகிற வேகத்தைப் பார்த்தபின், போர் தண்ணீரில் உலை வைக்க என் மனைவி சம்மதிப்பதில்லை. 2003-இல் மழைநீர்ச் சேகரிப்பு கட்டாயமானபோது எங்கள் தெருவில் தோண்டிய குழிகளில் பாதி, அதிகாரிக்குக் காட்டுவதற்காகத் தோண்டியவை. இது அப்படியல்ல, வேலை செய்கிறது.

சிக்கல் கொட்டும் மழையில்தான். பெட்டியின் மேல் ‘1,500 சதுர அடி மாடிக்கு ஏற்றது’ என்று அச்சிட்டிருக்கிறார்கள். மாடியின் பரப்பு சரி, மழையின் வேகம்? காற்று ஒரு டிகிரி சூடேறினால் சுமார் 7 சதவீதம் கூடுதலாக ஈரத்தைச் சுமக்கும். சுமந்ததை ஒரே மூச்சில் இறக்கவும் செய்யும். 2024 அக்டோபரில் பந்தல்குடி வாய்க்கால் பெருகிச் செல்லூரில் வீடுகளுக்குள் தண்ணீர் புகுந்ததே, அந்த மழையில் இந்த வடிகட்டி வந்த நீரில் பெரும்பகுதியைச் சருகோடு சேர்த்துத் தெருவுக்குத் தள்ளிவிட்டது. சம்ப் பாதிகூட நிறையவில்லை. சித்திரையில் அதே வீட்டுக்குக் காசு கொடுத்து லாரித் தண்ணீர் வாங்கினோம்.

நம் பக்கத்துக் கண்மாய்களுக்கு மறுகால் உண்டு. மிஞ்சியது அடுத்த கண்மாய்க்குப் போகும். வடிகட்டி செய்தவர்களுக்கு அந்த யோசனை இல்லை. பிளம்பரைக் கூப்பிட்டு, வெளியேறும் குழாயைப் போரை ஒட்டி ஜல்லியும் மணலும் நிரப்பிய குழிக்குத் திருப்பிவிட்டேன். இப்போது வீணாவது குறைவு.

வாங்குகிறவர்கள், மணிக்கு எத்தனை மில்லிமீட்டர் மழையைத் தாங்கும் என்று கடையில் கேளுங்கள். நான் கேட்டதற்கு உத்தரவாத அட்டையை நீட்டினார்கள். அதில் சல்லடை துருப்பிடிப்பது பற்றி மட்டுமே இருக்கிறது. மாடியில் இரண்டு இறங்கு குழாய்கள் இருந்தால் ஒவ்வொன்றுக்கும் தனி வடிகட்டி மாட்டுவது நல்லது. ஐப்பசி பிறக்குமுன் சல்லடையைக் கழற்றித் தேய்த்துக் கழுவ வேண்டும். மூடியின் மரை பிளாஸ்டிக். முரட்டுத்தனமாக இறுக்கினால் வழுக்கிவிடும்.