தாஸ் போட்: மூன்று வடிவங்களில் எந்தத் தட்டை (டிஸ்க்) வாங்கலாம்?

யூர்கன் புரோக்னோ என்ற பெயர் தெரியாதவர்களுக்கும் அந்த முகம் தெரிந்திருக்கும். 'பெவர்லி ஹில்ஸ் காப்' இரண்டாம் பாகத்து வில்லன். 'ஏர் ஃபோர்ஸ் ஒன்' படத்துத் தளபதி ராடெக். 1941-ல் பெர்லினில் பிறந்து, எசன் நகரத்து ஃபோக்வாங் பள்ளியில் நடிப்புப் படித்தவர். ஹாலிவுட் அவரை முறைக்கவிட்டே காலத்தை ஓட்டிவிட்டது. மனுஷன் யார் என்று பார்க்க, வோல்ஃப்காங் பீட்டர்சன் இயக்கிய, இரண்டாம் உலகப் போர் பற்றிய ஜெர்மன் படம் 'தாஸ் போட்'டில் அவர் செய்த நீர்மூழ்கிக் கேப்டன் வேடம் ஒன்றே போதும்.

இந்தப் படம் மூன்று நீளங்களில் கிடைக்கிறது: 1981-ல் தியேட்டருக்கு வந்தது 149 நிமிடம், 1997-ல் இயக்குநர் மறுபடி தொகுத்தது ஏறக்குறைய மூன்றரை மணி நேரம், தொலைக்காட்சித் தொடர் 293 நிமிடம். வாங்குவதானால் தொடரை வாங்குங்கள். ஏப்ரல் 15-ல் தொடங்கும் 61 நாள் மீன்பிடித் தடைக்காலத்தில், ராமேஸ்வரத்திலும் மண்டபத்திலும் விசைப்படகுகள் சும்மா கிடக்கும்போது, ஐந்து மணி நேரம் ஒரு பொருட்டே இல்லை.

நீளத்துக்குக் காரணம் உண்டு. சின்ன வடிவத்தில் தாக்குதலுக்குப் பின் தாக்குதல் வந்துவிடுகிறது. தொடரில்தான் இரை கிடைக்காமல் நாள்கணக்கில் புயலில் உருளும் சலிப்பு முழுசாக வருகிறது. புரோக்னோவின் நடிப்பு அந்தச் சலிப்புக்குள்தான் இருக்கிறது. பெரிய வசனம் கிடையாது. கேப்டனுக்குப் பெயர்கூட இல்லை. நம் படகில் 'டிரைவர்' என்கிற மாதிரி பதவியைச் சொல்லியே கூப்பிடுகிறார்கள். எரியும் எண்ணெய்க் கப்பலிலிருந்து ஆட்கள் கடலில் குதித்து இவர்கள் பக்கம் நீந்தி வரும் இடத்தைக் கவனியுங்கள். படகைப் பின்னுக்கு எடுக்கச் சொல்கிறார். குரல் உயரவில்லை, கண் மட்டும் அங்கேயே நிற்கிறது. தண்ணீரில் விழுந்தவனை விட்டுவிட்டு வரக் கூடாது என்றிருக்கும் கரையில் உட்கார்ந்து அதைப் பார்ப்பது லேசில்லை.

ஜிப்ரால்டர் நீரிணையில் படகு 280 மீட்டரில் போய்த் தரை தட்டுகிறது. நம் கணக்கில் 150 பாகத்துக்கு மேல் (ஒரு பாகம் ஆறடி). பாக் நீரிணையில் பத்துப் பாகத்துக்குள் வலை விடுகிறவர்களுக்கு ஆழம் காட்டும் அந்த முள் நகரும்போதே வயிறு கலங்கும். போல்ட்டுகள் குண்டு மாதிரி தெறிக்கின்றன. உட்புறம் முழுக்க மியூனிக் ஸ்டூடியோவில் 45 டிகிரி வரை சாயும்படி கட்டிய செட். ஒளிப்பதிவாளர் யோஸ்ட் வகானோ கேமராவைக் கையில் பிடித்துக்கொண்டு அதற்குள் ஓடினார். கதை வரிசையிலேயே எடுத்ததால் தாடி வளர்வது நிஜம்.

தட்டு விஷயத்தில் ஏமாற இடமிருக்கிறது. தட்டுகளுக்கு நாடுவாரியாக மண்டலப் பூட்டு உண்டு: ஜெர்மனி டிவிடி மண்டலம் 2, இந்தியா 5. ப்ளூ-ரேயில் அங்கே பி, இங்கே சி. மண்டலப் பூட்டு இல்லாத பிளேயர் இல்லாவிட்டால் தட்டு சுழலும், படம் வராது. ஜெர்மன் பதிப்பில் ஆங்கில வசன வரி இருக்கும் என்று நம்பி வாங்காதீர்கள். பின் அட்டையைப் படியுங்கள். ஆங்கில ஒலித்தடத்திலும் புரோக்னோ தன் குரலில்தான் பேசுகிறார். ஆனாலும் கட்டளையை முணுமுணுக்கும் அந்தத் தொனிக்கு ஜெர்மனே சரி.

டிவியின் சொந்த ஸ்பீக்கரில் முணுமுணுப்பு கேட்காது. சத்தத்தைக் கூட்டினால் நீர்மூழ்கியைத் தாக்கக் கடலுக்குள் போடும் ஆழ்வெடி தெருவையே எழுப்பும். ஒலி அமைப்பில் 'நைட் மோட்' போட்டால் இரண்டும் கொஞ்சம் சமமாகும். டிவியில் அசைவை வழவழப்பாக்கும் 'மோஷன் ஸ்மூத்திங்'கை அணைத்துவிடுங்கள், இல்லையென்றால் படகுக்குள் ஓடும் காட்சிகள் சீரியல் மாதிரி ஆகிவிடும். பகலில், கடல் வெளிச்சம் விழும் அறையில் பாதிப் படம் கறுப்பாகத்தான் தெரியும்.

உப்புக் காற்று பிளேயரை விட்டுவைக்காது. எச்டிஎம்ஐ முனையில் பச்சை பூத்தால் படம் விட்டுவிட்டு வரும். தட்டில் கோளாறு என்று முதலில் அதைத் திருப்பி அனுப்பாதீர்கள், முனையைத் துடைத்துப் பாருங்கள். வேலை முடிந்ததும் பிளேயரை மூடி, பக்கத்தில் சிலிகா ஜெல் பொட்டலம் இரண்டைப் போட்டு வையுங்கள்.