இமயமா, நீலகிரியா? மலையே இல்லாத ஊர்க்காரர்களுக்கு

கும்பகோணத்துப் பக்கம் எவ்வளவு தோண்டினாலும் வண்டலும் மணலும்தான். அதனால் பாறை பார்க்கவென்றே லீவில் கிளம்பும் பிள்ளைகள் கேட்பது: இமாச்சலப் பிரதேசத்தில் இமயத்துக்குள் இருக்கும் ஸ்பிதிப் பள்ளத்தாக்கா, நீலகிரியின் ஊட்டியா?

வயது: நீலகிரியின் சார்னோகைட் என்ற பாறை சுமார் 250 கோடி ஆண்டுப் பழசு. இமயம் அதன் முன் பச்சைக் குழந்தை. இந்தியத் தட்டு, அதாவது இந்தியா உட்கார்ந்திருக்கும் பூமி ஓட்டின் துண்டு, ஆசியாவை முட்டத் தொடங்கி ஏறத்தாழ 5 கோடி ஆண்டுதான்.

உருவான விதம்: இமயத்தில் மோதல், மடிப்பு, இடையில் கிடந்த டெத்திஸ் கடலின் அடித்தரை மேலே ஏறியது எல்லாம் கண்ணுக்கே தெரியும். ஸ்பிதியின் லாங்சா கிராமத்தில், கடலே இல்லாத அந்த உயரத்தில், கருநிறப் படிவுப் பாறைக்குள் ஆட்டுக்கொம்பு போலச் சுருண்ட அம்மோனைட்டை, அதாவது அழிந்துபோன கடலுயிரியின் புதைபடிவத்தை, பார்த்தால் விளக்கமே வேண்டாம். நீலகிரியோ பூமியின் ஆழத்தில் வெந்த பாறை, மேலே இருந்ததெல்லாம் அரித்துப்போய் வெளியே வந்தது. புதிதாக உடைந்த முகம் எண்ணெய் தடவியதுபோல் நீலக்கருப்பாக மினுங்கும், ஆனால் கதையை யாராவது சொல்லித்தான் ஆகவேண்டும்.

உயரம்: நீலகிரியின் உச்சியான தொட்டபெட்டா 2,637 மீட்டர், எவரெஸ்ட் 8,848. விடுங்கள்.

செலவு: ஊட்டிக்கு ஒரு ராத்திரிப் பயணம். ஸ்பிதிக்கு டெல்லி போகவே இரண்டு நாள் ரயில், அப்புறம் மலைப்பாதை, மூச்சுத்திணறல் வேறு.

முதல்முறை என்றால், தட்டு மோதலைப் படித்துவிட்டுக் குழம்பியிருந்தால், காசு சேர்த்து ஸ்பிதிக்கே போங்கள். நம் வயல் மண்ணில் ஒரு பங்கு எங்கிருந்து வந்தது என்று தெரியவேண்டுமா, நீலகிரி போதும். அங்கே பிறக்கும் பவானி காவிரியில்தானே சேருகிறது.