பார்க்கிங்குக்கு யூடிஐடி அட்டை: செங்கோட்டைக்காரர்களுக்கு

மாற்றுத்திறனாளி பார்க்கிங்கில் வண்டியை நிறுத்தக் காட்ட வேண்டியது யூடிஐடி அட்டைதான் (மாற்றுத்திறனாளிகளுக்கான தேசிய அடையாள அட்டை). தென்காசி மாவட்டத்தில் வாங்கியது ஆரியங்காவு தாண்டிக் கேரளத்துப் புனலூரிலும் செல்லும். இதன் பெரிய பலமே அது. அட்டையில் மஞ்சள் பட்டை இருந்தால் குறைபாடு 40 முதல் 79 சதவீதம் வரை, நீலம் 80-ம் அதற்கு மேலும்.

விண்ணப்பம் ஆன்லைனில். இழுத்தடிப்பது பெரும்பாலும் இனிஷியல்தான்: ஆதாரில் முன்னால், மருத்துவச் சான்றில் பின்னால் என்று இருந்தால் முதலில் அதைச் சரிசெய்யுங்கள்.

புது வண்டி பதியும்போது படிவம் 20-இல் உரிமையாளர் வகையை 'திவ்யாங்ஜன்' (மாற்றுத்திறனாளி) என்று போடச் சொல்லுங்கள். 2020-இல் வந்த வசதி. நாமாகக் கேட்டால்தான் நடக்கும்.

நிறுத்துமிடம் 3.6 மீட்டர் அகலம் வேண்டும். குறைந்தால் கதவை முழுக்கத் திறந்து சக்கர நாற்காலியை இறக்க முடியாது.